மறைக்க வேண்டிய நோயல்ல

1898-ம் ஆண்டு கோடையில் கல்கத்தாவில் பிளேக் நோய் தலைகாட்டியது. மக்கள் கூட்டம் கூட்டமாக நகரைவிட்டு வெளியேறினார்கள். நோய்க்கு மட்டும் அவர்கள் அஞ்சவில்லை. நோயாளியைப் பலவந்தமாகத் தூக்கிச் சென்று தனிமைப்படுத்திவிடுவார்கள், ஊசி போட்டுவிடுவார்கள் என்ற பீதியும் சேர்ந்துகொண்டது. மறு ஆண்டில் நோய் மீண்டும் பரவியபோது சகோதரி நிவேதிதா பாக்பஜார் பகுதியில் துடைப்பம் ஏந்தித் தெருவைப் பெருக்கினார். ஒரு குடிசையில், தாயை இழந்து நோயுற்ற குழந்தையை அவர் மடியில் வைத்துக்கொண்டிருந்ததை டாக்டர் ராதா கோவிந்த கர் கண்டு எழுதியிருக்கிறார். இன்று ஆர்.ஜி. கர் மருத்துவக் கல்லூரி தாங்கி நிற்பது இவர் பெயரைத்தான்.

அந்த நாட்களின் நிழல் தாகூரின் 'சதுரங்க'த்தில் விழுந்திருக்கிறது. 1916-ல் நூலாக வந்த அக்கதையில் பிளேக் பரவுகிறது. தம்பி ஊரைவிட்டுக் கிளம்புகிறார். அண்ணன் ஜகமோகனோ, அக்கம்பக்கத்து ஏழைகளை விட்டு வர மறுத்துத் தம் வீட்டையே மருத்துவமனை ஆக்குகிறார். அங்கு வந்த முதல் நோயாளி ஒரு முஸ்லிம். இரண்டாவது நோயாளி ஜகமோகனே. இருவரும் பிழைக்கவில்லை. ஜகமோகன் கடவுள் நம்பிக்கை இல்லாதவர் என்பதையும் சொல்லிவிட வேண்டும். நோயாளியின் அருகில் யார் நின்றார் என்பதைத்தான் தாகூர் கணக்கில் எடுத்துக்கொண்டார்.

வங்காளத்தில் வாழும் தமிழர்கள் கட்டாயம் படிக்க வேண்டிய நூல் இன்னொன்று உண்டு. தாராசங்கர் பந்தோபாத்யாயவின் 'ஆரோக்கிய நிகேதனம்' அது. 1956-ல் சாகித்திய அகாதமி பரிசு பெற்ற இந்நாவலை த.நா. குமாரஸ்வாமி தமிழில் தந்திருக்கிறார். கிராமத்து வைத்தியர் ஜீவன் மஷாய் நாடி பிடித்துப் பார்த்து, இன்னார் பிழைப்பார், இன்னார் பிழைக்கமாட்டார் என்று சொல்லிவிடுவார். பென்சிலினோடு வந்து சேர்ந்த இளம் டாக்டருக்கு இது பொறுக்கவில்லை. ஒருவரிடம் சாவைப் பற்றிச் சொல்ல இவருக்கு என்ன உரிமை என்று சீறுகிறார். கேள்வி நியாயமானதே. ஆனால் ஜீவன் மஷாய் தம் சொந்த மகனின் நாடியிலும் முடிவைக் கண்டவர். அதை மறைக்காமல் சொன்னவர். அதற்காக மனைவியின் மனக்கசப்பை ஆயுள் முழுதும் தாங்கியவர். புது மருந்தையோ பழைய வைத்தியத்தையோ ஆசிரியர் பழிக்கவில்லை. நோயை நேருக்கு நேர் பார்ப்பது எத்தனை கடினம் என்று காட்டுகிறார்.

நம்மவர்கள் தவறுவது இந்த இடத்தில்தான். வீட்டில் ஒருவருக்குக் காசநோய் என்று தெரிந்ததும் 'நெஞ்சுச்சளி', 'டைபாய்டு' என்று வேறு பெயர் சூட்டப்படுகிறது. கல்யாணத்துக்குப் பெண் இருந்தால் கேட்கவே வேண்டாம். வேலை தேடி வந்த வாலிபனாக இருந்தால், கோரமண்டலில் ஏற்றி ஊருக்கு அனுப்பிவிடுவதோடு அறைவாசிகளின் கடமை தீர்ந்துவிடுகிறது. அதே வண்டியில் வேலூருக்குச் சிகிச்சைக்காகப் பயணம் செய்யும் வங்காளி நோயாளியைப் பாருங்கள்: அவரோடு மனைவி, மைத்துனன், பக்கத்து வீட்டுக்காரர் என்று ஒரு படையே போகும்!

காசநோய்க்கு மருந்தில்லாத காலம் ஒன்று இருந்தது. வங்கக் கவி சுகாந்த பட்டாச்சார்யா 1947 மே மாதம், சுதந்திரத்துக்கு மூன்று மாதம் இருக்கையில், ஜாதவ்பூர் காசநோய் மருத்துவமனையில் இறந்தபோது அவருக்கு வயது இருபது. மறு ஆண்டு ஜூன் 30-ம் தேதி நம் புதுமைப்பித்தன் திருவனந்தபுரத்தில் அதே நோய்க்குப் பலியானார். சினிமா வேலையாகப் புனாவில் இருந்தபோது நோய் முற்றியது. மனைவி கமலாவுக்கு அவர் எழுதிய கடிதங்கள் 'கண்மணி கமலாவுக்கு' என்று நூலாக வந்துள்ளன. அமெரிக்காவில் 1943-லேயே ஸ்ட்ரெப்டோமைசின் கண்டுபிடிக்கப்பட்டும், இவ்விருவரையும் அது காப்பாற்றவில்லை.

அதற்குப் பத்தாண்டுகளுக்குள் நிலைமை அடியோடு மாறியது. மாற்றியதில் சென்னைக்குப் பெரும் பங்கு உண்டு. 1956-ல் சேத்துப்பட்டில் தொடங்கிய ஆராய்ச்சியில், ஏழை நோயாளிகளில் ஒரு பகுதியினருக்கு சானடோரியத்திலும் மற்றவர்களுக்கு நெரிசலான அவர்கள் வீட்டிலும் சிகிச்சை தரப்பட்டது. வீட்டில் இருந்தவர்களுக்குச் சாப்பாடும் ஓய்வும் குறைவு; எனினும் ஏறக்குறைய அதே அளவில் குணம் கண்டார்கள். குடும்பத்தாருக்குக் கூடுதலாக நோய் தொற்றவும் இல்லை. 1959-ல் வெளியான இந்த முடிவு உலகெங்கும் சிகிச்சை முறையையே மாற்றியது. நோயாளியை அப்புறப்படுத்த அதன்பின் காரணம் ஏது?

ஆயினும் உலகக் காசநோயாளிகளில் ஏறத்தாழ நான்கில் ஒருவர் இந்தியர். அரசு மருத்துவமனைகளில் மருந்து இலவசம். சத்துணவுக்காக மாதம் ரூ.500 தந்துவந்த உதவி 2024 நவம்பரில் ரூ.1,000 ஆக்கப்பட்டது. சாதாரணக் காசநோய்க்கு ஆறு மாதம் விடாமல் மருந்து உட்கொள்ள வேண்டும். இரண்டு மாதத்தில் இருமல் நின்றதும் மாத்திரையை நிறுத்துவது ஆபத்து. மருந்துக்கு அடங்காத நோயை அது வரவழைக்கும். யாருக்கும் தெரியாமல் மாத்திரை விழுங்குகிறவர்தான் பெரும்பாலும் பாதியில் நிறுத்துகிறார். ஊருக்கு அனுப்பப்படுகிறவருக்கோ, இங்குள்ள சிகிச்சைச் சீட்டை அங்கே மாற்றிப் பதிவு செய்யக்கூட யாரும் சொல்லித் தருவதில்லை.

கொல்கத்தாவின் தமிழ்ச் சங்கங்களும் சபாக்களும் ஆண்டுதோறும் பொங்கலுக்கும் நவராத்திரிக்கும் மனமுவந்து செலவிடுகின்றன. அந்தச் செலவில் ஒரு சிறு பங்கு போதும். நூலக அலமாரியில் 'ஆரோக்கிய நிகேதனம்' இரண்டு பிரதி இருக்கட்டும். ஒரு ஞாயிற்றுக்கிழமை மாலை மார்பு நோய் டாக்டர் ஒருவரை அழைத்து, தமிழிலேயே கேள்வி கேட்க வாய்ப்புத் தரட்டும். அறை எடுத்துத் தங்கியிருக்கும் வாலிபர்களையும் அக்கூட்டத்துக்கு அழைக்க மறந்துவிடக் கூடாது.