கிரீடமும் கோதுமையும்

தாமே ஒரு தேசத்தைப் பிரகடனம் செய்துகொள்வோர் யாவரும் கிரீட மோகம் பிடித்த கோமாளிகளே என்று நண்பர் எழுதியிருப்பது, விஷயத்தின் வேரை ஆராயாமல் வேஷத்தை மட்டும் கண்டு கூறிய தீர்ப்பு.

மேற்கு ஆஸ்திரேலியாவில், சுமார் 4,000 ஹெக்டேரில் கோதுமை முற்றி அறுவடைக்குக் காத்து நின்ற வேளையில், ஏறக்குறைய 40 ஹெக்டேரின் விளைச்சலை மட்டுமே விற்கலாம் என்று அரசாங்கம் வரம்பு வகுத்துவிட, முறையிட்டும் பரிகாரம் காணாத லெனார்ட் கேஸ்லி என்னும் விவசாயி, 1970 ஏப்ரலில் தம் பண்ணையையே ஹட் நதி என்ற தனி நாடாக அறிவித்தார். அவர் சூடிய இளவரசர் பட்டமும் வெறும் ஆடம்பரமன்று. நடைமுறையில் ஆளும் அரசனைச் சார்ந்து நிற்போரை ராஜத்துரோகக் குற்றத்தினின்று காக்கும் 1495-ஆம் ஆண்டு ஆங்கிலச் சட்டத்தைத் தமக்குக் கவசமாக்கிக்கொள்ளும் உபாயம் அது. (இத்தனை பழைய சட்டத்தைத் தேடியெடுத்தவர் பைத்தியக்காரரென்றால், நம் வக்கீல்களை நண்பர் என்னவென்பாரோ!)

பிற்காலத்தில் தபால் தலையும் நாணயமும் வெளியிட்டதும், 1977-இல் ஆஸ்திரேலியாவின்மீது சில நாள் யுத்தப் பிரகடனம் செய்ததும் நகைப்புக்குரியனவே, மறுக்கவில்லை. ஆயினும் பின்னர் வந்த கேலிக்கூத்தைக் காட்டி முன்னர் நேர்ந்த அநியாயத்தை மறைப்பது வாதமாகாது. அந்த நாட்டை முடித்ததும் ஏளனமன்று, வரிப் பாக்கியே: 2017-இல் நீதிமன்றம் ஏறக்குறைய 30 லட்சம் டாலர் செலுத்தப் பணித்தது, 2020 ஆகஸ்டில் ஹட் நதி கலைக்கப்பட்டது.