கடல் கடந்தும் கைவிடப்படாத மரவுரி

மரவுரி என்ற சொல்லைக் கேட்டதும் தமிழராகிய எமக்கு நினைவில் எழுவது இராமன் காடேகிய காட்சியே. முடிசூட வேண்டியவன் பட்டாடை களைந்து மரப்பட்டை உடுத்தான் என்பதால், எமது இலக்கிய மரபில் மரவுரி துறவுக்கும் இழப்புக்கும் அடையாளமாகிவிட்டது. பசிபிக் பெருங்கடலின் பொலினேசியத் தீவுகளில் நிலைமை நேர்மாறானது. அங்கே மரவுரிதான் செல்வம். அரச குடும்பத்தினர் நடந்துவரும் வழியில் விரிக்கப்படுவதும், மணமக்களுக்கு அளிக்கப்படுவதும், இறந்தவரின் உடலுக்குக் கீழே இடப்படுவதும் அதுவே.

ஒக்லாந்திலும் சிட்னியிலும் வாழும் எம்மவருக்குத் தொங்கா மக்கள் அயலவர்கள். ஆயினும் றக்பி ஆடுகளத்துக்கு அப்பால் அவர்களைப்பற்றி நாம் அறிந்தது சொற்பமே. 2021ஆம் ஆண்டுக் கணக்கெடுப்பின்படி தொங்கா இராச்சியத்தின் மக்கள்தொகை ஏறத்தாழ ஓர் இலட்சம். 2023இல் நியூசிலாந்தில் தம்மைத் தொங்கா இனத்தவர் எனப் பதிந்தோரின் தொகையும் ஓர் இலட்சத்தை நெருங்குகிறது. தாயகத்தில் பாதி, புலத்தில் பாதி என்று வாழும் இம்மக்களின் மரவுரி இன்னும் சாகவில்லை. ஒரு மரபு கடல் கடந்து எவ்வாறு உயிர்வாழ்கிறது என்பதை, எமது ஆண்டுவிழா உரைகளைவிட இந்த மரவுரியின் கதை தெளிவாகக் கற்பிக்கிறது என்பது எனது கருத்து.

தொங்கா மொழியில் இதற்கு ‘ஙத்து’ என்று பெயர். சொல்லின் முதலில் ‘ங’ ஒலியை எழுப்ப ஆங்கிலேயர் இடர்ப்படுவர். அரிச்சுவடி படித்த எமது பிள்ளைகளுக்கு அது எளிது. கடதாசி முசுக்கொட்டை என்னும் மரத்தை ஒன்றரை ஆண்டளவு வளரவிட்டு, தண்டு மெலிதாக இருக்கும்போதே வெட்டிவிடுகிறார்கள். வளரும் காலத்தில் பக்கக் கிளைகளை அவ்வப்போது கிள்ளிவிட வேண்டும். கிளை விட்ட இடம் பின்னர் துணியில் ஓட்டையாகும். பட்டையை உரித்து, கரடான வெளித்தோலை நீக்கி, வெண்ணிற உட்பட்டையை நீரில் ஊறவைத்து, நீண்ட மரக்கட்டையின்மேல் கிடத்திக் கொட்டாப்புளியால் அடிக்கிறார்கள். கொட்டாப்புளியின் வரிப்பள்ளமுள்ள பக்கம் நாரை விரிக்கும். மட்டமான பக்கம் அதைச் சமப்படுத்தும். ஒடுங்கிய பட்டை அடிக்க அடிக்கப் பல மடங்கு அகன்று மெல்லிய தாளாகிறது. நூலுமில்லை, தறியுமில்லை.

இதுவரையுள்ள வேலையை ஒருத்தி தனியாகச் செய்யலாம். இதற்குமேல் முடியாது. ஊர்ப் பெண்கள் ஒன்றுகூடி, நீண்டு வளைந்த பலகையின் இருபுறமும் எதிரெதிரே அமர்கின்றனர். தென்னை ஈர்க்கும் நாரும் கொண்டு புடைப்பாகத் தைத்த ‘குப்பேசி’ என்னும் வடிவத் தட்டுகள் அப்பலகையில் கட்டப்பட்டிருக்கும். அவற்றின்மேல் ஒரு படை, அதற்குக் குறுக்காக இன்னொரு படை; இடையே ஒட்டுவதற்கு அரைவேக்காட்டு மரவள்ளிப் பசை. பின்னர் ‘கொக்கா’ மரப்பட்டைச் சாயத்தில் தோய்த்த துணியால் அழுத்தித் தேய்க்கத் தேய்க்க, அடியிலுள்ள வடிவம் மேலே எழுந்து வருகிறது. ஒரு பகுதி முடிந்ததும் இழுத்துவிட்டு அடுத்த பகுதி. இவ்வாறு 50 பகுதிகள் கொண்ட மரவுரி இருபது மீற்றருக்கும் அதிகமாக நீளும். இறுதியில் உலர்ந்த தாழம்பழத்தின் நார்முனையைத் தூரிகையாக்கி, கோடுகளைக் கருஞ்சாயத்தால் அழுத்தமாக வரைகின்றனர். கைதேர்ந்த மூதாட்டி கோடு வரைவாள். நேற்று வந்த மருமகள் பசை பூசுவாள். ஒன்றும் தெரியாத சிறுமிக்கும் அங்கே ஒரு வேலை உண்டு.

வடிவங்களும் உறைந்துபோனவை அல்ல. அரச மாளிகையும் அரச இலச்சினையும் மரவுரியில் ஏறியுள்ளன. இரண்டாம் உலகப் போரில் தொங்கா மக்கள் நிதி திரட்டிப் பிரித்தானியாவுக்கு ஸ்பிற்ஃபயர் போர் விமானங்கள் வாங்க உதவியபின், அவ்விமானமும் மரவுரி வடிவங்களுள் ஒன்றாயிற்று. மரபு என்றால் மாறாதது என்று வாதிடும் எமது பெரியோர் சிலர் இதைக் கவனிக்க வேண்டும்.

இம்மரம் பசிபிக் தீவுகளுக்குச் சொந்தமானதன்று. அதன் பூர்வீகம் தாய்வான் பகுதி என்பதை 2015இல் வெளியான மரபணு ஆய்வொன்று உறுதிப்படுத்தியது. தொலைதூரத் தீவுகளில் உள்ளவை பெரும்பாலும் பெண் மரங்கள், விதையால் பெருகாதவை. காற்றோ பறவையோ அவற்றைப் பரப்பவில்லை. மனிதர்தாம் வேர்த்துளிர்களை ஓடங்களில் வைத்து, உப்புநீர் படாமல் காத்து, தீவு தீவாகக் கொண்டுபோய் நட்டார்கள். புலம்பெயர்ந்தபோது அவர்கள் எடுத்துச்சென்றது மரவுரியை மட்டுமல்ல, அதைச் செய்யும் வழியையுமாகும்.

ஆனால் கொண்டுபோனது எல்லா இடத்திலும் நிலைக்கவில்லை. நியூசிலாந்தின் குளிர் இம்மரத்துக்கு ஒத்துவரவில்லை. 1769இல் குக் அங்கே வந்தபோது மாஓரி மக்களிடம் எஞ்சியிருந்தவை மிகச் சில மரங்களே. பின்னர் அவையும் அழிந்தன. ஹவாயின் கதை இன்னும் துயரமானது, ஏனெனில் அங்கே மரமும் இருந்தது, வெயிலும் இருந்தது. ஒளிக்கு எதிரே பிடித்தால் மட்டும் தெரியும் நுண்ணிய வரிகளை மரவுரிக்குள்ளே பதிக்கும் அளவுக்கு அவர்களுடைய கலை உயர்ந்திருந்தது. 1820இல் மிசனரிமார் வந்தனர். வணிகக் கப்பல்கள் பருத்தித் துணியைக் கொண்டுவந்தன. 19ஆம் நூற்றாண்டு முடிவதற்குள் ஹவாயில் கொட்டாப்புளியின் ஓசை அடங்கிவிட்டது. எவரும் அதைத் தடைசெய்து அழிக்கவில்லை. அது தேவைப்படும் தருணங்கள் ஒவ்வொன்றாக மறைந்தன, அவ்வளவே.

1970களில் ஹவாய் மக்கள் அதை மீட்க முனைந்தபோது, கற்பிக்க ஒரு பாட்டியும் இருக்கவில்லை. அருங்காட்சியகத் துண்டுகளையும், முந்திய நூற்றாண்டில் ஹவாய் மொழியில் எழுதிவைக்கப்பட்ட குறிப்புகளையும் துணைகொண்டு, தவறித் தவறிப் பழகினார்கள். குக் குழுவினர் கொண்டுவந்த பசிபிக் மரவுரிகளைச் சிறு துண்டுகளாக வெட்டி, 1787இல் இலண்டனில் அலெக்சாந்தர் ஷா என்பவர் நூலாகக் கட்டி வெளியிட்டார். ஒருவரின் போர்வை இன்னொருவருக்கு மாதிரித் தாளானது. கலையொன்று கண்ணாடிப் பெட்டிக்குள் சென்றபின் அதைத் திரும்பக் கேட்பது எவ்வளவு கடினம் என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டியதில்லை.

அம்மீட்பு முயற்சிக்கு வலுச்சேர்த்த நிகழ்ச்சியொன்றை இங்கே குறிப்பிட வேண்டும். 1980களின் பிற்பகுதியில் மாவுயித் தீவின் ஹொனொகாஹுவாவில் விடுதி கட்ட நிலத்தைத் தோண்டியபோது, ஆயிரத்துக்கும் மேற்பட்ட மூதாதையரின் எலும்புகள் வெளிப்பட்டன. மக்கள் கிளர்ந்தெழுந்தனர், விடுதி வேறிடத்துக்கு நகர்த்தப்பட்டது. அவ்வெலும்புகளை மீண்டும் அடக்கம் செய்வதற்காக, மரவுரிக் கலைஞர் புவானானி வான் டோர்ப் தலைமையில் பெண்கள் மரவுரி அடித்தனர். விழாவுக்கன்று, கடமைக்கு.

தொங்காவில் மரவுரி சாகாததன் காரணமும் இதுவே என்று நான் கருதுகிறேன். தொங்கா மக்கள் ஹவாய் மக்களைவிடத் தம் பண்பாட்டை அதிகம் நேசித்தார்கள் என்று கூற எவருக்கும் உரிமையில்லை. அங்கே பிறப்பும் திருமணமும் இறப்பும் மரவுரியின்றி நிறைவுறுவதில்லை. எமக்குத் தாய்மாமன் எவ்வாறோ அவர்களுக்கு அத்தை அவ்வாறு. தந்தையின் சகோதரிக்கே குடும்பத்தில் உயர்ந்த இடம். அவருக்குரிய மரியாதையைப் பாயும் மரவுரியும் கொண்டு செய்தாக வேண்டும். செய்தபின் அது பெட்டியில் உறங்குவதில்லை. பங்கிடப்பட்டு அடுத்த வீட்டுக் கடமைக்குப் போகிறது. அரசி சலோத்தே 1953இல் பெண்களுக்கென ஓர் அமைப்பை நிறுவிக் கைவினைகளுக்கு ஆதரவளித்தமையும் உதவியது. ஆயினும் சனிக்கிழமை அத்தையின் இறுதிச்சடங்கு என்பதைவிட வலிய ஆதரவு வேறில்லை.

இதே கடமை ஒக்லாந்துக்கும் வந்தது. மரம் அங்கே செழித்து வளராததால், உடைகளின் கழுத்துப்பட்டிக்கு விறைப்பூட்டும் செயற்கைத் துணியை உட்பட்டைக்குப் பதிலாக இட்டு, பெண்கள் பழைய முறையிலேயே கூடியிருந்து மரவுரி செய்கின்றனர். இது உண்மையான ஙத்துதானா என்ற சர்ச்சை அவர்களுக்குள்ளும் உண்டு. சடங்குக்கு வந்துசேர்கிறதல்லவா என்பது செய்பவர்களின் பதில்.

இதை இலட்சிய உலகமாகக் காட்டுவது எனது நோக்கமன்று. கடமை சுமையாகவும் அழுத்துகிறது. தாயகத்திலும் ஒக்லாந்திலும் மரவுரியையும் பாயையும் அடகுக் கடையில் வைத்துக் கடன்பெறும் குடும்பங்கள் உள்ளன; அவ்வாறு வைப்பது வெட்கமாகவும் கருதப்படுகிறது. எமது தாலிக்கொடியின் கதையை அறிந்தவர்களுக்கு இது விளங்கும். இன்னொன்றும் உண்டு. இதே தொங்கா மக்களின் பிள்ளைகளிடம் தாய்மொழி தலைமுறைக்குத் தலைமுறை தேய்ந்து வருகிறது. நியூசிலாந்தில் ஆண்டுதோறும் தொங்கா மொழி வாரம் கொண்டாடப்பட்டும் தேய்வு நிற்கவில்லை. மரவுரியைச் சடங்கு கேட்கிறது. மொழியைக் கேட்கும் தருணங்கள் குறைந்துவிட்டன.

எமது நிலைமைக்கு வருவோம். சனிக்கிழமைத் தமிழ்ப் பள்ளியில் ஒன்பது ஆண்டுகள் படித்த பிள்ளை, தன் பாட்டனின் இறுதிச்சடங்கில் ஆங்கிலத்தில் உரையாற்றுகிறது, குறைசொல்ல ஒருவருமில்லை. அரங்கேற்ற அழைப்பிதழ் ஆங்கிலத்தில், திருமண வரவேற்புரை ஆங்கிலத்தில். பிள்ளைகளுக்குத் தமிழில் ஆர்வமில்லை என்று பெற்றோர் வருந்துகின்றனர். தொங்காச் சிறுமியிடம் மரவுரியில் உனக்கு ஆர்வம் உண்டா என்று எவரும் கேட்பதில்லை. பசைக் கிண்ணத்தைக் கையில் கொடுக்கிறார்கள்.

எம்மிடமும் அத்தகைய பொருளொன்று இருக்கிறது. ஈழத்தவர் வீடுகளில் முப்பத்தொராம் நாளில் வழங்கப்படும் கல்வெட்டு எனும் நினைவுமலர், தமிழின்றி உருவாக முடியாதது. இன்று அதைப் பெரும்பாலும் அச்சகத்தாரிடமே ஒப்படைத்துவிடுகிறோம். பாட்டனின் பெயரையும் ஊரையும் மாற்றினால் எவருக்கும் பொருந்தும் பாக்கள் அச்சாகி வருகின்றன. பேரப்பிள்ளைகளின் பக்கம் மட்டும் ஆங்கிலத்தில் இருக்கும். அப்பக்கத்தை அவர்களே தமிழில் எழுதட்டும். எழுத்துப் பிழையோடு நான்கு வரி போதும். எழுத இயலாதவர் பெரியம்மாவிடம் கேட்டு வம்சவரிசையைக் குறித்துவரட்டும். சின்னவர் படங்களுக்குக் கீழே பெயர் எழுதட்டும். ஒரு மாத காலம் இருக்கிறது. குடும்பமும் அந்நாட்களில் ஒரே வீட்டில்தான் கூடியிருக்கிறது.