விதை நெல்லும் படச்சுருளும்

நிந்தவூர் உழவன் எத்துணை வறுமை வந்துற்றபோதும் விதை நெல்லில் கைவைக்கத் துணியான். அடுத்த போகத்தின் வாழ்வு அதனுள் அடங்கியிருப்பதை அவன் அறிவான். திரைப்பட முதலாளிகளுக்கோ இவ்வறிவு வாய்க்கவில்லை. ஓடி முடிந்த படங்களின் சுருள்களிலிருந்து வெள்ளியைப் பிரித்தெடுத்துக் காசாக்கினர்; எஞ்சியவற்றை ஈரத்திற்கும் வெயிலுக்கும் இரையாக்கினர். 1931ஆம் ஆண்டில் வெளிவந்த முதல் தமிழ்ப் பேசும் படமாகிய ‘காளிதாஸ்’ இன்று இல்லை. அதே ஆண்டில் வந்த ‘ஆலம் ஆரா’வும் இல்லை.

இவ்வழிவை எதிர்த்து நின்றவர் பி. கே. நாயர். 1964இல் புனேயில் அமைந்த இந்தியத் தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகத்தைச் சுருள் சுருளாகச் சேர்த்து வளர்த்தவர் அவரே. அவருடைய தொண்டினை 2012இல் ‘செல்லுலாய்ட் மேன்’ என்னும் ஆவணப்படமாக்கி உலகறியச் செய்தார் சிவேந்திர சிங் துங்கர்பூர். படமெடுத்ததோடு தம் கடன் தீர்ந்ததென அவர் ஓய்ந்தாரில்லை. 2014இல் மும்பையில் திரைப்பட மரபு அறக்கட்டளையை நிறுவினார். வரலாற்றைப் படம்பிடித்தவர், அதன் காவலராகவும் ஆனார். இலங்கையின் சுமித்திரா பீரிஸ் 1978இல் அளித்த ‘கெஹெனு லமாய்’ அவ்வறக்கட்டளையின் முயற்சியால் புத்துயிர் பெற்று, 2025இல் பிரான்சின் கான் திரைப்பட விழாவில் திரையேறியது.

சிங்களப் படமொன்று மீண்டது கண்டு நாம் மகிழ்கிறோம். ஆனால், இந்நாட்டுத் தமிழ்ப் படங்களின் கதி யாது? 1962இன் ‘சமுதாயம்’, தர்மசேன பத்திராஜ 1977இல் இயக்கிய ‘பொன்மணி’ போன்றவற்றின் சுருள்கள் எங்கெங்கே, எந்நிலையில் உள்ளன என்று கணக்கெடுக்க வேண்டாமா? 1983 யூலை வன்செயலில் கே. குணரத்தினத்தின் விஜயா ஸ்டூடியோ தீக்கிரையானபோது படச்சுருள்கள் பல சாம்பலாயின. 2004 டிசம்பர் 26ஆம் நாள் ஆழிப்பேரலை எம் கரையோர வீடுகளின் புகைப்படங்களையும் வாரிச் சென்றது. தீயும் நீரும் கொண்டது போக எஞ்சியதையேனும் காப்பது எம் கடன் அன்றோ?

ஒலுவிலில் தென்கிழக்குப் பல்கலைக்கழகம் இருக்கிறது. ஈரம் புகாத, குளிரூட்டிய அறையொன்றை அங்கு அமைக்க அரசு நிதியளிக்க வேண்டும். ஆசிரியரும் சட்டத்தரணிகளும் மருத்துவரும் இதற்காகக் குரலெழுப்புக. உழவர் பெருமக்களே, வட்டையில் நிகழ்ந்த அறுவடையையோ ஊர்த் திருமணத்தையோ பதிந்த பழைய வீடியோ நாடா உங்கள் பெட்டகத்தில் கிடக்குமாயின் எறிந்துவிடாதீர். உப்புக் காற்று அதனை நாள்தோறும் தின்கிறது. படச்சுருளில் வினாகிரி நெடி எழுந்துவிட்டால் அழிவு தொடங்கிவிட்டதென்று பொருள்.

பெரும்போகம் பிழைத்தால் சிறுபோகம் உண்டு. அழிந்த படச்சுருளுக்கு மறுபோகம் இல்லை.