அப்பா இறந்த தேதி

உன் அப்பா எப்போது இறந்தார்? பூர்வீகச் சொத்தில் பங்கு கேட்டுப் போன மகளிடம் நீதிமன்றங்கள் கேட்ட கேள்வி இது. பிறந்ததாலேயே பங்காளியாகிவிட்ட மகனிடம் யாரும் இதைக் கேட்கவில்லை.

2005 செப்டம்பர் 9 அன்று நடைமுறைக்கு வந்த இந்து வாரிசுரிமைத் திருத்தச் சட்டம், கூட்டுக் குடும்பச் சொத்தில் மகளுக்கும் மகனைப் போலவே பிறப்பால் உரிமை உண்டு என்றது. 2015 அக்டோபரில் உச்ச நீதிமன்றத்தின் இரு நீதிபதிகள் அமர்வு அதற்கு ஒரு பூட்டுப் போட்டது: அந்தத் தேதியில் தந்தை உயிரோடு இருந்திருக்க வேண்டும்.

உச்ச நீதிமன்றம் அறிவிக்கும் சட்டம் நாட்டின் எல்லா நீதிமன்றங்களையும் கட்டுப்படுத்தும் என்கிறது அரசியலமைப்பின் 141ஆம் பிரிவு. ஆகவே, மேல்முறையீட்டில் மகளின் நியாயத்தை எடைபோடும் வேலை குறைந்தது. தந்தையின் இறப்புச் சான்றிதழைப் பார்த்தால் போதும். 2018 பிப்ரவரியில் இன்னொரு இரு நீதிபதிகள் அமர்வு, 2001இல் தந்தையை இழந்த மகள்களுக்குப் பங்கு கொடுத்தது. அதே ஆண்டு ஏப்ரலில், தமிழ்நாட்டு வழக்கொன்றில், பழைய பூட்டே திரும்பி வந்தது. ஒரே நீதிமன்றம், ஒரே ஆண்டு, இரண்டு பதில்கள்.

2020 ஆகஸ்ட் 11 அன்று மூன்று நீதிபதிகள் அமர்வு பூட்டை உடைத்தது. உரிமை பிறப்பால் வருவது, தந்தை உயிரோடு இருந்திருக்கத் தேவையில்லை என்றது. நிலுவையில் இருந்த மேல்முறையீடுகளுக்கு இந்தத் தீர்ப்பே வழிகாட்டியானது.

நிலுவையில் இல்லாதவர்கள்? மேல்முறையீட்டுக்குக் காசில்லாமல், அண்ணன் தம்பி உறவு அறுந்துவிடும் என்று பயந்து, தோற்ற வழக்கோடு வீடு திரும்பியவர்கள்? மறுஆய்வு கேட்கவும் வழியில்லை. தீர்ப்புக்கு அடிப்படையான சட்ட விளக்கத்தை மேல் நீதிமன்றம் பிறகு வேறொரு வழக்கில் மாற்றினாலும், அது மறுஆய்வுக்குக் காரணமாகாது என்கிறது உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் கட்டளை 47. தவறு நீதிமன்றத்துடையது, இழப்பு மட்டும் அவளுடையது.

முன்தீர்ப்பைப் பின்பற்றாவிட்டால் ஆளுக்கொரு நீதி ஆகிவிடும் என்பார்கள். உண்மைதான். 2020 தீர்ப்பு ஊர் நீதிமன்றம் வரை இறங்கி வந்ததும் அதே விதியால்தான். அதை ஒழிக்கச் சொல்லவில்லை. வழக்குகள் ஓரிடத்தில் முடிய வேண்டும் என்பார்கள். முடியட்டும். ஆனால் முடிந்த இடத்தில் நிலம் யார் கையில் இருக்கிறது என்று பாருங்கள். மேலே நடந்த பிழை கீழே வரை கட்டுப்படுத்தும் என்றால், அதைத் திருத்துவதும் கீழே வரை வர வேண்டாமா? தந்தையின் இறப்புத் தேதியை மட்டும் காட்டித் தள்ளுபடி செய்த வழக்குகளைத் திறக்க, நாடாளுமன்றம் ஒருமுறை வாய்ப்புத் தர வேண்டும். கேட்பது சலுகையில்லை, பிடுங்கியதைத்தான்.

அதுவரை ஒன்றை நினைவில் வையுங்கள். பாகப்பிரிவினை வழக்கில் முதல்நிலைத் தீர்ப்பாணை மட்டும் வந்து, இறுதித் தீர்ப்பாணை வராமல் இருந்தால், பங்கை மாற்றிக் கேட்க இன்னும் இடமுண்டு. 2004 டிசம்பர் 20க்கு முன்பே வாய்மொழியாகப் பிரித்துவிட்டோம் என்று சொன்னால் எளிதில் நம்பிவிடாதீர்கள். பதிவுப் பத்திரத்தையோ நீதிமன்றத் தீர்ப்பாணையையோ கேளுங்கள். விடுதலைப் பத்திரத்தை நீட்டி, "சும்மா ஒரு கையெழுத்துதானே" என்பார்கள்.

சும்மா என்றால், அவர்களுக்கு ஏன் அது வேண்டும்?