வழக்கேடு யாருக்குச் சொந்தம்?

2015ஆம் ஆண்டு டிசம்பர் மாதம் முல்லைத்தீவு நீதவான் நீதிமன்றத்தின் சாட்சிக்கூண்டில் இராணுவ உயரதிகாரி ஒருவர் நின்றார். 2009 மே மாதம், யுத்தத்தின் கடைசி நாட்களில், வட்டுவாகற் பகுதியிற் சரணடைந்தவர்களுக்கு நேர்ந்தது யாது என்பதே விசாரணை. சரணடைந்தோரின் பெயர்ப்பட்டியல் தமது படைப்பிரிவிடம் இருப்பதாகக் குறுக்கு விசாரணையின்போது அவர் ஒப்புக்கொண்டார். அதனைச் சமர்ப்பிக்குமாறு மன்று பணித்தது. கணவனையும் மகனையும் தேடி ஆறாண்டுகள் முகாம் முகாமாக அலைந்த பெண்களுக்கு, அரச தரப்பின் வாயிலிருந்தே கிடைத்த சொல் அது.

இந்தச் சாட்சியத்தை நான் வாசித்தது நீதிமன்றத்தின் வழக்கேட்டிலன்று, செய்தித்தாள்களில். அண்மையில் உயர்தர வகுப்பு மாணவர் இருவருடன் அமர்ந்து இணையத்தில் மீண்டும் தேடினேன். பத்திரிகைச் செய்திகள் கிடைத்தன. மனித உரிமை அமைப்புகளின் ஆங்கில அறிக்கைகள் கிடைத்தன. ஜெனீவாவில் வாசிக்கப்பட்ட உரைகளும் கிடைத்தன. முல்லைத்தீவில், தமிழிற் பதியப்படவேண்டிய அந்த வாக்குமூலத்தின் ஒரு வரிதானும் கிடைக்கவில்லை. மாணவருள் ஒருவன் கேட்டான்: “சேர், கோர்ட்டில எழுதினது கோர்ட்டிலதானே இருக்கும்? அதை ஏன் வேற ஆக்கள் சொல்லித் தெரிஞ்சுகொள்ளவேணும்?”

அவனுடைய கேள்வியே இக்கட்டுரையின் கேள்வியும் ஆகும்.

வன்னியின் நீதிமன்றங்களில் வழக்கேடு தமிழில் எழுதப்படுவது எவரும் இட்ட பிச்சையன்று. 1961ஆம் ஆண்டின் நீதிமன்ற மொழிச் சட்டம் சிங்களத்தை நீதிமன்றங்களின் மொழியாக்க முனைந்தபோது வடக்கும் கிழக்கும் சத்தியாக்கிரகத்தில் இறங்கின. வழக்கு மன்றத்தில் தன் மொழி ஒலிக்கவேண்டும் என்பது கச்சேரி வாயிலில் அடிபட்ட மக்களின் கோரிக்கைகளுள் ஒன்று. பின்னர், 1988ஆம் ஆண்டின் 16ஆவது திருத்தத்தோடு செம்மைப்பட்ட அரசியலமைப்பின் 24ஆம் உறுப்புரை, தமிழ் நிர்வாக மொழியாயுள்ள பிரதேசங்களில் நீதிமன்றப் பதிவும் நடவடிக்கையும் தமிழிலேயே இருக்க வழிசெய்தது. எனவே கிளிநொச்சியிலும் வவுனியாவிலும் முல்லைத்தீவிலும் ஒரு விவசாயி கூண்டிலேறிச் சொல்வது அவன் மொழியிற் பதிவாகிறது. ஆனால், பதிந்தபின் அவன் அதனைக் காணமுடிகிறதா?

உயர் நீதிமன்றத்தின் தீர்ப்புகளையும் மேன்முறையீட்டு நீதிமன்றத்தின் தீர்ப்புகளையும் இணையத்தில் எவரும் வாசிக்கலாம். பெரும்பாலானவை ஆங்கிலத்தில் உள்ளன. வன்னியின் மாவட்ட நீதிமன்றங்களுக்கும் நீதவான் நீதிமன்றங்களுக்கும் அத்தகைய பொதுத் தேடற் கதவு திறக்கப்படவில்லை. வன்னி மனிதனின் வழக்கு கொழும்புக்கு ஏறி, மொழி மாறி, சட்ட நுணுக்கமாக வடிகட்டப்பட்ட பின்னரே உலகின் கண்ணிற் படுகிறது. கொழும்பு வரை போக வக்கில்லாதவனின் வழக்கு காப்பறை அலுமாரியிற் கட்டுக் கட்டாகக் கிடக்கிறது. மொழியுரிமையை ஏட்டில் தந்துவிட்டு ஏட்டைப் பூட்டிவைத்திருக்கிறார்கள்!

இதன் பொருள் யாதென்பதை நீதிமன்றப் படியேறாத கனவான்கள் அறியார். என் மாணவி ஒருத்தியின் தாயார் காணி வழக்கொன்றின் கட்டளைப் பிரதிக்காக ஒரு நீதிமன்றத்துக்குச் சென்றார். பிரதேசத்தைச் சொல்வது அவசியமில்லை. அதிகாலை பஸ் பிடித்து, அன்றைய கூலியை இழந்து, பத்து மணிக்குப் போய்ச் சேர்ந்தார். “வழக்கெண் இல்லாமல் தேட ஏலாதம்மா” என்றார்கள். எண் எழுதிய துண்டு எங்கோ தவறிவிட்டது. சட்டத்தரணியைக் கேட்கச் சொன்னார்கள். சட்டத்தரணி வேறு ஊரில். மூன்றாம் முறை போனபோது எண் கிடைத்தது, கோவை மேன்முறையீட்டுக்காக அனுப்பப்பட்டிருந்தது. அந்த எழுதுவினைஞர்மீது எனக்குக் கோபமில்லை. அவரும் தூசிக்குள் அமர்ந்து சம்பளத்துக்கு மாரடிப்பவர்தான்.

அதே தாயாரின் மகள் உயர்தரப் பரீட்சைப் பெறுபேற்றை அறிய எங்கும் போகவில்லை. சுட்டெண்ணைக் கையடக்கத் தொலைபேசியில் அழுத்தினாள். வீட்டு முற்றத்தில் நின்றபடியே பெறுபேற்றைப் பார்த்தாள். இலட்சக்கணக்கான பிள்ளைகளின் பெறுபேற்றை ஒரே நாளில் நாடெங்கும் பார்க்கச் செய்யும் அரசு, ஒரு வழக்கின் அடுத்த தவணையையும் அதில் பிறந்த கட்டளையையும் பார்க்கச் செய்யமுடியாதாம்! ஆற்றல் இல்லை என்ற வாதம் ஆசிரியர்களாகிய நம்மிடம் எடுபடாது.

தலைமன்னாருக்கு அக்கரையிலுள்ள இராமநாதபுரத்து விவசாயி, 16 இலக்க வழக்கு அடையாளத்தையோ கட்சிக்காரரின் பெயரையோ இட்டுத் தன் மாவட்ட நீதிமன்ற வழக்கின் நிலையைத் தொலைபேசியிற் பார்க்கிறான். 2007இல் தொடங்கிய மின்னணு நீதிமன்றத் திட்டத்தின் பயன் அது. இந்திய நீதி பரிபாலனத்தைப் போற்றிப் பாடுவது என் நோக்கமன்று; அங்கே கோடிக்கணக்கில் வழக்குகள் தேங்கிக் கிடக்கின்றன. ஆனால் தேங்கிக் கிடக்கிறது என்பதையாவது அங்குள்ளவன் எண்ணிச் சொல்லமுடிகிறது. நம்மால் அதுவும் முடியாது.

நம்மவரிடமிருந்தே ஓர் ஆட்சேபம் எழக்கூடும். “நீதிமன்றம் ஆளும் வர்க்கத்தின் கருவி. அதன் காகிதங்களுக்காக ஏன் போராடவேண்டும்?” என்று தோழர்கள் சிலர் கேட்பர். கருவி என்பதை நான் மறுக்கவில்லை. ஆனால் கருவியின் மேற் படிந்த கைரேகையை அழியவிடுவது எந்த வர்க்கத்துக்கு உதவும்? 13ஆவது திருத்தத்தினால் மாகாண மேல் நீதிமன்றத்துக்குக் கிடைத்த அதிகாரத்தின்கீழ், காணாமலாக்கப்பட்டோரின் உறவினர் வவுனியா மேல் நீதிமன்றத்தில் ஆட்கொணர்வு மனுக்களைத் தாக்கல் செய்தனர். அவற்றின் ஆரம்ப விசாரணைக்கே முல்லைத்தீவு நீதவானிடம் கோவைகள் சென்றன. திருகோணமலை அரசியற்றுறைப் பொறுப்பாளராயிருந்த எழிலன் சரணடைந்ததைத் தாம் கண்டதாக அனந்தி சசிதரன் சாட்சியமளித்த வழக்கும் அவற்றுள் ஒன்று. 2022 டிசம்பரில் வவுனியா மேல் நீதிமன்றம் இராணுவமே பொறுப்புக்கூற வேண்டும் என்று தீர்ப்பளித்தது. 2009 மே மாதத்திலிருந்து கணக்கிட்டால் பதின்மூன்று ஆண்டுகளுக்கு மேல். அந்த ஆண்டுகளில் எத்தனை தவணைகள் சென்றன, எவர் வராமையால் ஒத்திவைக்கப்பட்டன, அரச சட்டத்தரணி எத்தனை முறை கால அவகாசம் கேட்டார் என்பன வழக்கேட்டில் மட்டுமே உண்டு. தாமதத்துக்கு முகமும் தேதியும் கொடுப்பது அந்தக் காகிதம். கிளிநொச்சிக் கந்தசுவாமி கோயிலருகில் 2017 பெப்ரவரி 20 முதல் தாய்மார் தொடங்கிய போராட்டத்துக்கு அதைவிடக் கூரிய ஆயுதம் எது?

காணி விடயமும் இதனின்று வேறானதன்று. வன்னி மக்கள் உறுதிகளையும் வரைபடங்களையும் பல இடப்பெயர்வுகளில் இழந்தவர்கள். 2009இல் ஏறத்தாழ மூன்று இலட்சம் பேர் செட்டிகுளத்து முகாம்களுக்குள் அடைக்கப்பட்டபோது, பலரிடம் இருந்தது உடுத்த துணி மட்டுமே. 2016ஆம் ஆண்டின் 5ஆம் இலக்கக் காலவிதிப்பு விசேட ஏற்பாடுகள் சட்டம், யுத்தத்தால் தன் காணியைவிட்டு விலகியிருக்க நேர்ந்தவனுக்கு எதிராக அந்தக் காலத்தைக் கணக்கிடலாகாது என்றது. நல்ல சட்டந்தான். ஆனால் உரிமையை நிறுவ முற்படும்போது, பாட்டனார் காலத்துப் பிரிவிடல் வழக்கொன்றின் தீர்ப்பு வேண்டியதாகிறது. வசதியுள்ளவனுக்கு ஏடு தேடச் சட்டத்தரணியின் லிகிதர் இருக்கிறார். ஏழைக்கு இருப்பது பஸ் கட்டணம்.

இனி, எளிதில் தள்ளமுடியாத ஆட்சேபத்துக்கு வருவோம். எல்லாவற்றையும் எவரும் தேடலாம் என்றால், பாலியற் கொடுமைக்கு உள்ளான சிறுமியின் பெயரும் தேடப்படுமே? பயங்கரவாதத் தடைச் சட்டத்தில் ஆண்டுக்கணக்கில் அடைபட்டுப் பின் விடுதலையானவனின் பெயரைக் கலியாணத் தரகரும் கம்பனி முகாமையாளரும் தட்டிப் பார்ப்பார்களே? புனர்வாழ்வு முகாம்களிலிருந்து ஏறத்தாழ 12,000 பேர் வெளிவந்த மண்ணில் இது வெறும் கற்பனை அச்சமன்று. தமிழகத்தில் விடுதலையான ஒருவர் தீர்ப்பிலிருந்து தம் பெயரை நீக்கக் கேட்டார். 2021இல் சென்னை உயர் நீதிமன்றத்தின் தனி நீதிபதி மறுத்தார். 2024 பெப்ரவரியில் இரு நீதிபதிகள் இணங்கினர். அதே ஆண்டு ஜூலையில் இந்திய உச்ச நீதிமன்றம் அந்தக் கட்டளையை நிறுத்திவைத்தது. தீராத கேள்வி இது. நானும் இவ்விடயத்தில் ஒருமுறை மனம் மாறியவன். பெயர்கொண்டு தேடும் வசதி கட்டாயம் வேண்டும் என்றே முன்னர் வாதிட்டு வந்தேன். இப்போது, எண்ணும் ஆண்டும் நீதிமன்றமும் கொண்டு தேடுவதே முதலில் போதும் என்று கருதுகிறேன். எண்ணைத் தொலைத்த கட்சிக்காரருக்கு, அடையாள அட்டையைக் காட்டினால் அதனை எடுத்துக்கொடுக்க ஒவ்வொரு பிரதேச செயலகத்திலும் ஒரு மேசை போதும். பாலியற் குற்றங்களிற் பாதிக்கப்பட்டவரை அடையாளங்காட்டுவதைத் தண்டனைச் சட்டக்கோவையின் 365இ பிரிவு ஏற்கெனவே தடுக்கிறது. அவர்களின் பெயரை எழுத்தால் மறைக்கலாம்.

ஆனால் அந்தரங்கத்தைச் சாட்டாகக் கொண்டு முழு அலுமாரியையும் பூட்டுபவரிடம் ஒன்று கேட்கிறேன். புலனாய்வுப் பிரிவினருக்கு அந்தப் பெயர்கள் தெரியாதா? முன்னாள் போராளியின் வீட்டுப் படலையைத் தட்டுபவன் இணையத்தைப் பார்த்துவிட்டா வருகிறான்? அறியவேண்டாதவன் அனைத்தையும் அறிந்திருக்கிறான். அறியவேண்டியவள் வாசலில் நிற்கிறாள்.

திறந்து காட்டமுடியும் என்பதற்கு அண்மையிலேயே சான்றுண்டு. 2025 ஆகஸ்ட் 5ஆம் தேதி, செம்மணி சித்துப்பாத்திப் புதைகுழியில் எடுக்கப்பட்ட உடைகளும் பொருட்களும் யாழ்ப்பாண நீதிமன்றத்தின் கட்டளைப்படி மக்கள் பார்வைக்கு வைக்கப்பட்டன. அடையாளம் காணக்கூடியவர் வந்து பார்க்கட்டும் என்று மன்றே அழைத்தது. ஒரு நாள், ஒரு பிற்பகல். நோயாளியான தாய் ஒருத்தி முள்ளியவளையிலிருந்து அன்று புறப்பட முடியாதிருந்தால்? முல்லைத்தீவு மாவட்டத்துக் கொக்குத்தொடுவாயிலும் 2023 ஜூனில், நீர்க்குழாய் பதிக்கத் தோண்டியபோது எலும்புகள் வெளிப்பட்டன. 2024 ஜூலையில் அகழ்வு முடிகையில் 52 பேரின் எச்சங்கள் மீட்கப்பட்டிருந்தன. அந்த வழக்கின் ஏடும் முல்லைத்தீவு நீதிமன்றத்தில்தான் இருக்கிறது.

ஆசிரிய நண்பர்களுக்கும் மாணவருக்கும் ஒரு வேலை சொல்கிறேன். 2016ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கத் தகவல் அறியும் உரிமைச் சட்டம் நீதிமன்றங்களையும் பகிரங்க அதிகாரசபை என்ற வரைவிலக்கணத்துக்குள் அடக்குகிறது. நீதித்துறையின் அதிகாரத்தையும் நடுநிலைமையையும் பாதிக்கும் தகவலுக்கு விலக்குண்டு. அலுமாரியில் எத்தனை கோவை உண்டு என்று கேட்பது அதில் அடங்காது. ஒவ்வொரு பாடசாலையிலிருந்தும் ஒரு விண்ணப்பம் போகட்டும்: உங்கள் காப்பறையில் எந்த ஆண்டிலிருந்து வழக்கேடுகள் உள்ளன? யுத்தத்தில் அழிந்தவை எவை? கணினியில் ஏறியவை எத்தனை? தமிழிற் கேளுங்கள். பதினான்கு வேலை நாட்களுக்குள், தருவதா மறுப்பதா என்று அவர்கள் முடிவுசொல்ல வேண்டும். வரும் பதில்களையும், வராத பதில்களின் தேதிகளையும் ஒரு கொப்பியில் எழுதி வையுங்கள்.