கைகளைப் படம்பிடித்த கமெரா



எங்கள் குசினிகளில் ஊறுகாய்க்கும் மிளகாய்த்தூளுக்கும் கண்ணாடிப் போத்தல்களைத்தான் பாவிக்கிறோம். ஆனால் அது எப்படி உருவாகிறது என்று நாம் யோசிப்பதில்லை. அதைப் படம்பிடித்துக் காட்டிய ஒருவரைப் பற்றி இம்முறை எழுதுகிறேன்.

அவர் பெயர் பேர்ட் ஹான்ஸ்ட்ரா. 1916இல் நெதர்லாந்தில் பிறந்தவர். ஆற்று நீரிலும் வாய்க்கால் நீரிலும் தெரியும் பிம்பங்களைத் தானே படம்பிடித்து, 1950இல் ஒரு குறும்படம் செய்தார். அது 1951இல் கான் திரைப்பட விழாவில் பரிசு பெற்றது. 1958இல் லீர்டாம் நகரின் கண்ணாடித் தொழிற்சாலையில் 'கிளாஸ்' என்ற விவரணப்படத்தை இயக்கினார். எடி வான் டெர் எண்டன் அதற்கு ஒளிப்பதிவு செய்தார். 1960இல் அப்படத்துக்கு ஒஸ்கார் விருது கிடைத்தது.

அந்தப் படத்தை நான் பார்த்திருக்கிறேன். பத்து நிமிடங்களுக்குச் சற்றுக் கூடுதலாக ஓடும். விளக்கவுரை இல்லை, இசைதான் துணை. நீண்ட இரும்புக் குழாயின் நுனியில் உருகிய கண்ணாடியை எடுத்து, கன்னம் புடைக்க ஊதுகிறார்கள் தொழிலாளர்கள். குழாயை உருட்டிக்கொண்டே இருக்கவேண்டும். கை நின்றால் கண்ணாடி ஒரு பக்கம் தொய்ந்துவிடும். எத்தனை வருடப் பழக்கம் அது!

அடுத்து இயந்திரம் வருகிறது. போத்தல்கள் வரிசையாக வருகின்றன. அவற்றில் ஒன்றுக்குக் கழுத்து உடைந்திருக்கிறது. இயந்திரத்தால் அதைப் பிடிக்க முடியவில்லை. பின்னால் வரும் போத்தல்கள் ஒவ்வொன்றாக விழுந்து நொருங்குகின்றன. ஆனாலும் இயந்திரம் தன் வேலையை நிறுத்தவில்லை. கடைசியில் ஒரு மனிதக் கைதான் அதைச் சரிசெய்கிறது.

சகோதரிகளே, இது நமக்கும் உரிய விடயம். கணவரை இழந்தும், காணாமற்போனவரைத் தேடியும், குடும்பத்தைத் தனியே சுமக்கும் எத்தனையோ பெண்கள் ஓலைப்பெட்டி இழைத்துப் பிழைக்கிறார்கள். "பிளாஸ்ரிக் கூடை இதைவிட மலிவுதானே" என்று வாங்குபவர் பேரம் பேசும்போது, பிள்ளையின் கொப்பி வாங்கவேண்டிய அவசரத்தில் விலையைக் குறைத்துக் கொடுத்துவிடுகிறோம்.

சார்வோலையைக் காயவைத்தது, வார்ந்தது, சாயம் போட்டது, இழைத்தது எதுவும் வாங்குபவருக்குத் தெரியாது. அவர் கண்டது முடிந்த பெட்டியை மட்டுமே. ஆகவே காட்டுங்கள். சந்தையிலோ கண்காட்சியிலோ அவர் முன்னாலேயே இருந்து இழையுங்கள். ஒரு பெட்டிக்கு எத்தனை மணித்தியாலம் சென்றது என்று கொப்பியில் எழுதி வைத்துச் சொல்லுங்கள். வீட்டில் கமெராவுள்ள கைத்தொலைபேசி இருந்தால், உங்கள் கைகள் வேலை செய்வதைப் பிள்ளைகளைக் கொண்டு படம்பிடியுங்கள். முகம் தெரியவேண்டியதில்லை.

பார்த்தவர் எல்லோரும் கேட்ட விலையைத் தந்துவிடமாட்டார்கள். ஆனாலும் உங்கள் உழைப்பின் கணக்கு உங்களிடம் இருந்தால், எந்த விலைக்குக் கீழே இறங்கக்கூடாது என்பது உங்களுக்குத் தெரிந்திருக்கும்.