பாதிக் கதை சொல்லாதீர்கள்

வாப்பாமாரே, உம்மாமாரே,

கோபித்துக்கொள்ளாதீர்கள். 2007இல் கிழக்கில் சண்டை ஓய்ந்த பிறகு, போக முடியாமல் கிடந்த வட்டைகளுக்குத் திரும்பினோம். காடு வெட்டி, வரம்பு கட்டி, மறுபடி விதைத்தோம். 2004 டிசம்பரில் கடல் கொண்டுபோன வீடுகளையும் எழுப்பினோம். இவ்வளவும் செய்த நாம், பிள்ளைகள் விஷயத்தில் ஏன் இப்படி இருக்கிறோம்? 2009இல் போர் முடிந்த பின் பிறந்த பிள்ளை, அந்தச் சண்டையைக் கண்ணாலும் காணாதது, பக்கத்திலிருக்கும் தமிழ் ஊரான பாண்டிருப்புக்குச் சைக்கிளில் போகப் பயப்படுகிறது. அந்தப் பயத்தைச் சோற்றோடு சேர்த்து ஊட்டியது நாம்தான்.

பிள்ளைகளிடம் காத்தான்குடியைச் சொல்கிறீர்கள். சொல்லத்தான் வேண்டும். 1990 ஆகஸ்ட் 3ஆம் திகதி பள்ளிவாசல்களில் இஷாத் தொழுகையில் நின்றவர்களைப் புலிகள் சுட்டுக் கொன்றார்கள். சின்னப் பிள்ளைகளையும் விடவில்லை. ஏறாவூர்ப் படுகொலையையும் சொல்லுங்கள். ஆனால் அதே மாதம் 12ஆம் திகதி வீரமுனைப் பிள்ளையார் கோயிலில் தஞ்சம் புகுந்திருந்த தமிழர்கள் கொல்லப்பட்டதை ஏன் விழுங்கிவிடுகிறீர்கள்? கொல்ல வந்த ஊர்காவல் படையில் நம் முஸ்லிம்களும் இருந்தார்கள். வீரமுனை தூரத்து ஊரா? சம்மாந்துறைக்குப் பக்கத்தில்தான் இருக்கிறது.

சுனாமி அடித்தபோது தமிழரும் முஸ்லிம்களும் ஒருவருக்கொருவர் சோறு கொடுத்ததையும் வீட்டில் யாரும் பேசுவதில்லை.

என் சின்ன வயதில் எங்கள் வெள்ளாமை வெட்ட வந்தவர்கள் தமிழ்ப் பெண்கள். உம்மா கொடுத்துவிட்ட தேத்தண்ணியை வரம்பில் குந்தியிருந்து எல்லோரும் ஒன்றாகக் குடிப்போம். அவர்களுடைய பிள்ளைகளின் பெயர் எனக்குத் தெரியும், என் பெயர் அவர்களுக்குத் தெரியும். இன்று வெட்டும் மெஷின் அரை நாளில் வட்டையை முடித்துவிடுகிறது. மெஷினைக் குறை சொல்லவில்லை. கூலியும் மிச்சம், நேரமும் மிச்சம். ஆனால் இரு ஊர்ப் பிள்ளைகளும் பழக இருந்த அந்த வரம்பு போய்விட்டது. பாடசாலையும் வேறு, விளையாடும் திடலும் வேறு. சாய்ந்தமருதைத் தாண்டினால் வரும் காரைதீவு, விபுலானந்த அடிகள் பிறந்த ஊர். பாடப் புத்தகத்தில் அவர் பெயரை மனப்பாடம் செய்யும் நம் பிள்ளைகளில் எத்தனை பேரை அந்த ஊருக்குள் கூட்டிப்போயிருக்கிறீர்கள்?

டியூஷனுக்கு ஒரு நாள் லீவு கொடுங்கள். அடுத்த அறுவடைக்குப் பிள்ளையை வட்டைக்குக் கூட்டிப்போய், பக்கத்துக் கண்டத்துத் தமிழ்க் கமக்காரரிடம் அறிமுகப்படுத்துங்கள். அவர் வீட்டுக்குப் போங்கள், அவரையும் உங்கள் வீட்டுக்குக் கூப்பிடுங்கள். வீரமுனையை அவர் வாயால் உங்கள் பிள்ளை கேட்கட்டும். காத்தான்குடியை அவருடைய பிள்ளைக்கு நீங்களே சொல்லுங்கள்.